அடக்கும் காளை, அவிழ்த்துவிட்ட கழுதை

தமிழ் சினிமாவில் பெண்ணும் விலங்கும் அருகருகே நிற்பது தற்செயல் அல்ல தோழர்களே. அதற்கு ஒரு வரலாறு உண்டு. அந்த வரலாற்றுக்குள் சாதியும் உண்டு.

முல்லைக்கலியிலேயே ஏறு தழுவியவனுக்குத்தான் ஆயர்மகள். மாட்டை வென்றவன் பெண்ணைப் பெறுகிறான். இந்தக் கணக்கைத்தான் சினிமா பல வடிவங்களில் போட்டது. ‘பட்டிக்காடா பட்டணமா’வில் (1972) காளை இல்லை; ஆனால் நகரத்து மனைவி கணவனின் வழிக்கு வந்த பிறகே கதை முடிகிறது. ‘முரட்டுக்காளை’யில் (1980) ஜல்லிக்கட்டு வாடிவாசலே நாயகனின் ஆண்மைக்கு மேடை. பெண் எங்கே? வேடிக்கை பார்க்கிற இடத்தில்.

‘16 வயதினிலே’ (1977) நாயகிக்கு மயில் என்று பெயர். டீச்சராக வேண்டும் என்பது அவள் கனவு. மாட்டுக்கு வைத்தியம் பார்க்க வந்த டாக்டரை நம்பி ஏமாறுகிறாள். தோகை விரிக்க வேண்டியவள் கடைசியில் ரயிலடியில் காத்திருக்கிறாள்.

மாரி செல்வராஜ் இந்த வரிசையைத் திருப்பிப் போட்டார். ‘பரியேறும் பெருமாள்’ (2018) கருப்பி, தண்டவாளத்தில் கட்டிக் கொல்லப்படும் நாய். ஒடுக்கப்பட்ட உடலின் சாட்சி. ‘கர்ணன்’ (2021) கழுதைக்குக் கால்கள் கட்டப்பட்டிருக்கின்றன. கட்டு அவிழ்ந்ததும் ஓடுகிறது. இங்கே விலங்கை அடக்குவது அல்ல, அவிழ்த்துவிடுவதே வீரம்.

ஆனாலும் ஒரு கேள்வி மிச்சமிருக்கிறது. கர்ணனின் தங்கை, பேருந்து நிற்காததால் சாலையிலேயே உயிரை விட்டு, அதன் பிறகுதான் தெய்வமாகிறாள். ஜோவுக்கோ தன் வீட்டார் செய்த கொடுமை கடைசிவரை தெரியாது. ஒருத்தி செத்துச் சின்னமாகிறாள், இன்னொருத்தி ஏதும் அறியாதவளாகவே இருக்கிறாள்.

ஸ்பெயினிலும் இதே சிக்கல்தான். ‘பிளாங்காநியேவஸ்’ (2012) படத்தில் கார்மென் என்ற பெண்ணே காளையின் முன் நிற்கிறாள். முடிவில் அவளும் கண்ணாடிப் பெட்டிக்குள் காட்சிப்பொருளாகிறாள்.

பா. இரஞ்சித்தின் ‘நட்சத்திரம் நகர்கிறது’ (2022) இங்கேதான் முக்கியமாகிறது. சாதி மீறிய காதலைச் சொல்ல அதுவும் பூனைகளை உருவகமாக்குகிறது. ஆனால் ரெனே யாருக்கும் உருவகம் அல்ல. தன் அரசியலைத் தானே பேசுகிறாள், தனக்கு வேண்டாததை வேண்டாம் என்கிறாள்.

வானகரத்தில் பேருந்துக்குக் காத்திருக்கும் கல்லூரிப் பெண்ணுக்குத் தேவை தெய்வப் பட்டம் அல்ல. பேருந்து நிற்க வேண்டும், அவள் ஏற வேண்டும், எங்கே இறங்குவது என்பதை அவளே முடிவு செய்ய வேண்டும். அடுத்த படம் பார்க்கும்போது இதைக் கேளுங்கள்: கட்டு அவிழ்ந்தது விலங்குக்கு மட்டும்தானா, பெண்ணுக்கும்தானா?