விலங்கு உடைந்த பின்னும்

1843-ஆம் ஆண்டின் 5-ஆம் சட்டம் இந்தியாவில் அடிமை முறைக்கு இருந்த சட்ட ஆதரவை நீக்கியது. விலங்கு உடைந்தது, சமத்துவமோ பிறக்கவில்லை. திருமுழுக்குப் பெற்ற ஒடுக்கப்பட்டோர்க்கும் பல ஊர்களில் ஆலயத்திலும் கல்லறையிலும் தனி இடமே கிடைத்தது.

1950-இல் அரசியலமைப்பு தீண்டாமையை ஒழித்தது. அதே ஆண்டின் குடியரசுத் தலைவர் ஆணையோ தலித் கிறிஸ்தவர்களைப் பட்டியல் சாதியினரில் சேர்க்கவில்லை. 1956-இல் சீக்கியருக்கும் 1990-இல் பௌத்தருக்கும் திறந்த கதவு அவர்களுக்கு இன்னும் திறக்கவில்லை.

2003-இல் திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பர் தமிழக ஆயர்களிடம் சாதிப் பாகுபாட்டைக் கண்டித்துப் பேசினார்.

திருப்பூர்ப் பனியன் கம்பெனிகளில் பல சாதியாரும் ஒரே வரிசையில் அமர்ந்து தைக்கின்றனர். ஞாயிறன்று ஒரே அப்பத்தில் பங்கு பெறுகின்றனர். மணமேடையில் மட்டும் பிரிந்து நிற்பது ஏன்? அரசு தர வேண்டிய உரிமையைக் கேட்போம். நாம் தர வேண்டியதை யார் கேட்பது?