டப்பெட் ஓசையின் வரலாறு

திருகோணமலை என்றவுடன் நம் உள்ளத்தில் முதலில் எழுவன கோணேசர் மலையும், அதன் அடியில் மோதும் அலைகடலும், உலகின் சிறந்த இயற்கைத் துறைமுகங்களுள் ஒன்றெனப் போற்றப்படும் உள்துறைமுகமும் ஆகும். வரலாற்று நூல்களும் இவற்றையே பெரிதும் பேசுகின்றன. இன்று யான் எடுத்துக்கொண்டதோ அத்துணைப் பெருமை வாய்ந்த பொருளன்று. பழைய மோட்டார் வண்டியொன்றின் எஞ்சினிலிருந்து கேட்கும் 'டிக், டிக்' என்னும் சிற்றொலியே அது. எனினும் அவ்வொலிக்கும் ஒரு வரலாறு உண்டு. அது பெரும்பாலும் எண்ணெயின் வரலாறாகும். எண்ணெயின் வரலாற்றை இலங்கையில் எழுதப் புகுவோர் எவரும் சீனக்குடாவை விலக்கிச் செல்ல இயலாது.

பிரித்தானியர் 1795ஆம் ஆண்டில் ஒல்லாந்தரிடமிருந்து திருகோணமலையைக் கைப்பற்றினர். அக்காலத்தில் போர்க்கப்பல்கள் பாய்விரித்து ஓடின. பின்னர் நிலக்கரி வந்தது. முதலாம் உலகப் போருக்குச் சற்று முன்னர்ப் பிரித்தானியக் கடற்படை நிலக்கரியை விட்டு எண்ணெய்க்கு மாறத் தொடங்கியது. அம்மாற்றத்தின் விளைவாகவே சீனக்குடாக் காட்டினுள் மாபெரும் எண்ணெய்த் தாங்கிகள் எழுந்தன. ஒவ்வொன்றும் ஏறத்தாழ 12,000 தொன் கொள்ளத்தக்கது. அவற்றுள் 99 இன்றும் நிற்கின்றன. 1942ஆம் ஆண்டு ஏப்ரல் 9ஆம் நாள் சப்பானிய விமானங்கள் துறைமுகத்தையும் சீனக்குடா விமானத் தளத்தையும் தாக்கியபோது தாங்கியொன்று தீக்கிரையானது. அதே நாளில் மட்டக்களப்புக்கு அண்மையில் 'ஹேர்மிஸ்' என்னும் விமானந்தாங்கிக் கப்பல் மூழ்கடிக்கப்பட்டது. 1957ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதத்தில் கடற்படைத் தளம் இலங்கை அரசின் கைக்கு வந்தது.

அத்தாங்கிகளில் நிறைந்திருந்தது கொதிகலத்தில் எரிக்கும் உலை எண்ணெய். எஞ்சினின் உறுப்புகளுக்கிடையே வழுக்கலைத் தரும் மசகெண்ணெய் அன்று. எரிவதற்கோர் எண்ணெய், தேயாமற் காப்பதற்கோர் எண்ணெய். இன்று நம் பேச்சுக்குரியது இரண்டாவது.

போர்க்காலத்திலும் அதன் பின்னரும் திருகோணமலைத் தெருக்களில் ஓடிய வண்டிகளை எண்ணிப் பாருங்கள். படையினரின் ஜீப்புகள், லொறிகள், பின்னர் மொறிஸ் மைனர், ஒஸ்ரின், ஹில்மன் ஆகிய சிறு கார்கள். இவற்றின் எஞ்சின்களில் வால்வை உந்தும் டப்பெட் என்னும் உறுப்பு திண்ணிய எஃகுத் துண்டே. எஞ்சின் சூடேறும்போது வால்வின் தண்டு நீளும். அந்நீட்சிக்கு இடம் விடாவிடின் வால்வு முற்றாக மூடாது. மூடாத வால்வினூடே தீப்பிழம்பு பாய்ந்து அதன் விளிம்பைக் கருக்கிவிடும். ஆகவே டப்பெட்டுக்கும் வால்வுக்கும் இடையே சிறிது வெளி விடுதல் வேண்டும். 1952ஆம் ஆண்டின் பின் வந்த மொறிஸ் மைனரில் அவ்வெளி அங்குலத்தில் ஆயிரத்தில் 12 பங்கு, அதாவது ஏறக்குறைய 0.3 மில்லிமீற்றர். பீலர் கேஜ் என்னும் மெல்லிய எஃகுத் தகட்டை இடையிற் செருகி, திருப்புளியால் திருகைச் சரிசெய்து, நட்டை இறுக்குவது அக்கால மெக்கானிக்கின் அன்றாடப் பணி.

அந்த வெளியினால்தான் ஓசை உண்டாயிற்று. ஒவ்வொரு முறையும் உலோகம் வெளியைக் கடந்து உலோகத்தைத் தட்டியது. ஆயின் பழைய மெக்கானிக்குகள் இவ்வோசையைக் கண்டு அஞ்சவில்லை. அளவாகத் தட்டும் டப்பெட் நலமுடையது என்பதும், ஓசையே அடங்கிவிட்ட டப்பெட் வால்வை எரிக்கும் என்பதும் அவர்கள் அறிந்த உண்மைகள். மருத்துவன் நாடி பார்ப்பது போல அவர்கள் ஒலி கேட்டனர்.

ஓசையை அறவே நீக்க வேண்டுமென்னும் விருப்பம் செல்வர் ஏறிச் செல்லும் வண்டிகளிலேயே முதலிற் பிறந்தது. 1910ஆம் ஆண்டளவில் பிரான்சு நாட்டில் அமெதே பொல்லே என்பவர் எண்ணெயைக் கொண்டு இவ்வெளியை நிரப்பும் முறையைக் கையாண்டார். 1930ஆம் ஆண்டில் அமெரிக்காவின் கடிலாக் தொழிற்சாலை வெளியிட்ட 16 சிலிண்டர் வண்டியில் எண்ணெய் அழுத்தத்தால் இடைவெளியைத் தானே நீக்கும் அமைப்பு இருந்தது. 1933இல் பியர்ஸ் அரோ என்னும் வண்டி இதனை டப்பெட்டினுள்ளேயே அடக்கிக் காட்டியது. அந்நிறுவனம் 1938இல் மூடப்பட்டது. அதன் டப்பெட்டோ உலகெங்கும் பரவிற்று. 1949இல் ஓல்ட்ஸ்மொபீல், கடிலாக் ஆகியவற்றின் புதிய எஞ்சின்களிலும், 1950இல் தன்னியக்கக் கியர் கொண்ட செவ்ரொலே வண்டியிலும் இது இடம்பெற்றபோது, செல்வரின் அமைதி நடுத்தர மக்களுக்கும் எட்டியது.

இதன் அமைப்பு சிறிது; நுட்பமோ பெரிது. எஃகுக் கிண்ணமொன்றை மனத்திற் கொள்ளுங்கள். அதனுள் மற்றோர் உருளை, மேலும் கீழும் அசையுமாறு, மில்லிமீற்றரில் ஆயிரத்திற் சில பங்கே இடைவெளி இருக்குமாறு பொருந்தியுள்ளது. நம் தலைமயிர் ஒன்றைக்கூட அவ்விடைவெளியிற் புகுத்த முடியாது. உருளையின் அடியில் ஒரு சுருள்வில். அருகே ஒரு சிறு குண்டு வால்வு. எஞ்சினின் வால்வு மூடியிருக்கும் வேளையில் வில் உருளையை உயர்த்தி வெளியை நிரப்பும். கீழே உண்டாகும் வெற்றிடத்தினுள் எண்ணெய் புகும். காம் ஷாப்ட் கிண்ணத்தை மேலே தள்ளியவுடன் குண்டு வாயிலை அடைக்கும். அகப்பட்ட எண்ணெய் அமுங்காது. ஆதலின் கிண்ணமும் உருளையும் ஒரே திண்பொருள் போல் இயங்கும். ஒவ்வோர் உந்தலிலும் மிகச் சிறிதளவு எண்ணெய் பக்கவாட்டிற் கசிய, அடுத்த சுற்றில் அக்குறை நிரம்பும். வால்வுத் தண்டு நீண்டாலும் குறுகினாலும் டப்பெட் தன்னைத் தானே திருத்திக்கொள்ளும். திருப்புளிக்கும் பீலர் கேஜுக்கும் அங்கு வேலையில்லை.

பிரித்தானியச் சிறு கார்களைச் செய்தோர் இதனை நெடுங்காலம் ஏற்கவில்லை. அவர்களைப் பழமை விரும்பிகள் என்று இகழ்வோர் உளர். யான் அவ்வாறு கருதவில்லை. விலை ஒரு காரணம். எஞ்சின் மிக விரைந்து சுழலும்போது இவ்வகை டப்பெட் எண்ணெயால் மிகையாக உப்பி வால்வை மூடவிடாது நிறுத்தும் குறை மற்றொரு காரணம். இவற்றோடு, மூதூரிலோ கிண்ணியாவிலோ மரநிழலில் வண்டியை நிறுத்தி, ஒரு தகட்டையும் ஒரு திருப்புளியையும் கொண்டே சரிசெய்யத்தக்க எஞ்சின் ஏழை நாடுகளுக்குப் பெரும் பேறாகவே இருந்தது.

1960களில் அந்நியச் செலாவணித் தட்டுப்பாட்டினால் மோட்டார் வண்டி இறக்குமதி கடுமையாகக் கட்டுப்படுத்தப்பட்டது. இருந்த வண்டிகளைப் பேணுவதே வழி. 1977இல் பொருளாதாரம் திறந்துவிடப்பட்டபின் சப்பானிய வண்டிகள் பெருகின. அவற்றுள்ளும் 1980களின் ஜெர்மன் வண்டிகளிலும் சில, எண்ணெய் டப்பெட்டைத் தாங்கி வந்தன. பின்னர் நெடும் போர். 2004ஆம் ஆண்டின் ஆழிப்பேரலை. 2020 மார்ச்சில் வாகன இறக்குமதி மீண்டும் நிறுத்தப்பட்டது. தனியார் கார்களுக்கு அத்தடை நீங்கியது 2025 பெப்ரவரியிலேயே. இவ்வாறாக 30 ஆண்டு கண்ட வண்டியொன்று இன்றும் ஒரு குடும்பத்தின் பிழைப்பாக இருப்பது நம் நாட்டில் வியப்பன்று. அத்தகைய வண்டியின் எஞ்சின் ஒருநாள் தட்டத் தொடங்கினால், அக்குடும்பத்தின் நெஞ்சும் உடன் தட்டும்.

இங்கேதான் பெரும் பிழைகள் நேர்கின்றன. வீண் அச்சத்தால் எஞ்சினையே இறக்கிப் பிரித்து, ஆண்டுச் சேமிப்பை இழப்போர் ஒரு சாரார். 'டப்பெட்தானே' என்று அலட்சியமாக ஓட்டி, உண்மையில் தேய்ந்திருந்த கனெக்டிங் றொட் பெயரிங் உடைந்து எஞ்சினை முற்றாக இழப்போர் மற்றொரு சாரார். இரண்டும் ஒலியைப் பகுத்தறியாமையால் வருவன.

டப்பெட்டின் ஒலி மெல்லியது, கூரியது. தையற் பொறியின் ஓசை போன்றது. கிராங் ஷாப்ட் இருமுறை சுழலும்போது ஒருமுறையே அது கேட்கும். பெயரிங்கின் ஒலியோ ஆழமானது, மந்தமானது. மேட்டில் ஏறும்போதும் பாரம் இழுக்கும்போதும் மிகும். பெற்றோல் எஞ்சினில் ஒரு சிலிண்டரின் தீப்பொறியை நிறுத்திப் பார்த்தால் அச்சிலிண்டரின் பெயரிங் ஒலி தணியும். டப்பெட் ஒலி மாறாது. நீண்ட திருப்புளியொன்றின் நுனியை வால்வு மூடியின்மீது வைத்து, பிடியைக் காதோடு சேர்த்துக் கேட்டால் எந்த வால்வின் அருகே ஓசை மிகுந்திருக்கிறதென்பது தெரியும். புகைக்குழாய் இணைப்பில் வாயு கசியும்போதும் இதே போன்ற 'டிக், டிக்' ஒலி பிறக்கும் என்பதையும் மறத்தலாகாது. அதற்காக டப்பெட்டை மாற்றுவது பல்வலிக்குக் கண்ணில் மருந்திடுவதாகும்.

ஓசை டப்பெட்டினுடையது என்று தெளிந்தபின், அஃது எப்பொழுது கேட்கிறது என்று ஆராய வேண்டும். காலையில் எஞ்சினை இயக்கியவுடன் சில நொடிகள் கேட்டு அடங்கினால் அஞ்ச வேண்டியதில்லை. இரவில் வால்வு வில்லின் அழுத்தத்தால் சில டப்பெட்டுகளிலிருந்து எண்ணெய் கசிந்து வெளியேறியுள்ளது, அவ்வளவே. சூடேறியபின் மட்டும் கேட்குமாயின், எண்ணெய் மிக நீர்த்ததாயிருக்கலாம், அல்லது எண்ணெய் அழுத்தம் குறைந்திருக்கலாம். மேல்மாகாண வெயிலைவிடக் கிழக்கின் வெயில் கடிது என்பதைச் சொல்ல வேண்டுமோ? விரைவாக ஓடும்போது எல்லா டப்பெட்டுகளும் சேர்ந்து ஒலித்தால், எண்ணெயினுள் காற்று கலந்துள்ளதெனக் கொள்ளலாம். எண்ணெய் குறைந்தால் பம்பு காற்றை உறிஞ்சும். அளவுக்கு மிஞ்சினாலோ சுழலும் கிராங் ஷாப்ட் அதனைக் கடைந்து நுரையாக்கும். எண்ணெய் அமுங்காது, நுரை அமுங்கும். அமுங்கும் டப்பெட் தட்டும். ஒரே ஒரு டப்பெட் இடையறாது ஒலித்தால், அதன் குண்டு வாயிலில் அழுக்குச் சிக்கியுள்ளது, அல்லது அது தேய்ந்துள்ளது.

திருத்தும் முறையும் இவ்வரிசையிலேயே அமைய வேண்டும். முதலில் எண்ணெய்க் கோலை இழுத்துப் பாருங்கள், அதற்குச் செலவில்லை. அடுத்து எண்ணெய் அழுத்தத்தை அளவுமானி கொண்டு அளக்கச் செய்யுங்கள். அழுத்தம் சரியாயின், வண்டியின் கையேட்டிற் கூறப்பட்ட தடிப்புடைய எண்ணெயையும் புதிய வடியையும் இடுங்கள். போருக்குப் பின் வந்த எண்ணெய்களில் அழுக்கைக் கழுவித் தாங்கும் சேர்க்கைகள் உள்ளன. சில நூறு மைல் ஓடியபின் சிக்கிய டப்பெட் தானே விடுபடுதலும் உண்டு. எண்ணெயோடு மண்ணெண்ணெயை ஊற்றி ஓட்டும் வழக்கம் ஒன்று நம்மிடையே உளது. அது டப்பெட்டைக் கழுவினும் கழுவும். பெயரிங்குகளின் எண்ணெய்ப் படலத்தை நீர்க்கச் செய்து அவற்றைத் தேய்ப்பதோ திண்ணம். யான் அதனை ஒப்பேன்.

இவற்றால் பயனில்லையேல் டப்பெட்டுகளை வெளியே எடுக்க வேண்டியதுதான். எடுக்கும்போது வரிசை மாறலாகாது. தட்டையான அடியுடைய டப்பெட் ஒவ்வொன்றும் தனக்குரிய காம் மேட்டோடு பல்லாண்டு உராய்ந்து இணங்கியிருக்கும். இடம் மாற்றினால் இரண்டும் விரைவில் அழியும். பழைய முட்டைத் தட்டொன்றில் எண் எழுதி அடுக்கும் மெக்கானிக்கை நீங்கள் கண்டால் அவரிடம் வண்டியை நம்பி ஒப்படைக்கலாம். ஒன்றின் உருளையை மற்றொன்றின் கிண்ணத்தில் இடுதலும் கூடாது. அவை சோடியாகப் பொருத்தப்பட்டவை. கம்பி வளையத்தைக் கழற்றி, உருளையை உருவி, அரக்குப் போற் படிந்துள்ள கறையை மண்ணெண்ணெயில் மென்துணியாற் கழுவுக. உப்புத்தாள் படவே கூடாது. மண்ணெண்ணெய்க்குரிய இடம் எஞ்சினுக்கு வெளியேயுள்ள இந்தத் தட்டுத்தான். பின் எண்ணெய் நிரப்பி விரலால் அழுத்திப் பார்த்தால் நல்ல டப்பெட் கல்லைப் போல் எதிர்த்து நிற்கும். உடனே அமிழ்ந்து போவது பயனற்றது.

பழைய வண்டியை உடையோர்க்கு மற்றொன்றும் கூறுதல் வேண்டும். தட்டை டப்பெட்டுக்கும் காமுக்கும் இடையே உள்ள கடும் உராய்வைத் தாங்குவது எண்ணெயிற் கலந்துள்ள துத்தநாகமும் பொசுபரசும் சேர்ந்ததொரு கூட்டுப்பொருள். புதிய வண்டிகளின் புகை வடிகட்டிகளுக்கு அது தீங்கு செய்தலின், 2004ஆம் ஆண்டின் பின் வந்த பெற்றோல் எஞ்சின் எண்ணெய்கள் பலவற்றில் அதன் அளவு குறைக்கப்பட்டது. புதியது, விலை உயர்ந்தது என்பதனாலேயே ஓர் எண்ணெய் பழைய எஞ்சினுக்கு நன்றாகிவிடாது. போர்க்கப்பலின் உலை எண்ணெய்க்கெனத் தாங்கிகள் எழுந்த திருகோணமலையில் இன்று எஞ்சின் எண்ணெய் கலக்கும் ஆலையும் இயங்குகிறது. ஆகவே கேட்டறிந்து வாங்குவது இவ்வூரார்க்கு அரிதன்று.

கழுவிய டப்பெட்டுகளைப் பூட்டியபின் முதல் முறை இயக்கும்போது ஓசை முன்னையினும் மிகுந்து கேட்கும். உள்ளே அகப்பட்ட காற்று வெளியேறும்வரை அப்படித்தான். எண்ணெய் அழுத்தம் வந்துவிட்டதை உறுதிசெய்துகொண்டு, எஞ்சினை நிதானமான விரைவில் சுமார் 20 நிமிடம் ஓடவிடுங்கள். ஒன்றன்பின் ஒன்றாக ஒலிகள் அடங்கும். அதன் பின்னும் ஒன்று மட்டும் அடங்காது நின்றால், அந்த டப்பெட்டின் அடியைப் பார்க்க வேண்டும். சிறிது குவிந்திருக்க வேண்டிய அது குழிந்திருக்குமாயின் காம் ஷாப்டும் தேய்ந்திருக்கும். அப்பொழுது காம் ஷாப்டையும் எல்லா டப்பெட்டுகளையும் ஒருங்கே மாற்றுதல் வேண்டும்.