ஆவணப் படங்களில் பழைய படச்சுருள்கள்

ஒருவர் ஒரு கருத்தோடு எடுத்து வைத்த படச்சுருளைப் பிற்காலத்தில் மற்றொருவர் தேடியெடுத்து, வெட்டி ஒட்டி, அதில் முன்னில்லாத ஓர் அர்த்தம் தோன்றும்படி அமைத்துக் காட்டும் முறை ஆவணப் படக்கலையின் முக்கியமான சாதனங்களுள் ஒன்றாகும். சலனப் படம் பிறந்து மூன்று ஆண்டு நிறையுமுன்பே, 1898-ல், போலந்து தேசத்தவரான போலெஸ்லாவ் மதுஷெவ்ஸ்கி, இச்சுருள்கள் சரித்திரத்தின் சாட்சியங்களாதலால் ஏட்டுச் சுவடிகளைப் போல் இவற்றையும் காத்துவைக்க ஒரு நிலையம் வேண்டுமென்று பாரிஸில் ஒரு சிறு பிரசுரம் வெளியிட்டார்.

இம்முறையைத் தனிக் கலையாக்கிய பெருமை ருஷ்யாவின் எஸ்ஃபிர் ஷூப் அம்மையாருக்கு உரியது. ஈரமேறிப் பாழ்பட்டுக் கிடந்த சுருள்களுள் சுமார் 60,000 மீட்டரைப் பார்வையிட்டு, அவற்றிலிருந்து 1,500 மீட்டரளவே பொறுக்கி, 1927-ல் ‘ரோமனோவ் வம்சத்தின் வீழ்ச்சி’ என்ற படத்தை அவர் அமைத்தார். கப்பல் தளத்தில் பிரபுக்கள் வியர்வை அரும்ப நடனமாடும் காட்சியை அடுத்து, மண் வெட்டி வியர்க்கும் குடியானவர்களை அவர் வைத்தபோது, அவ்வம்சத்து மன்னரான ஜாரின் மகிமைக்காக எடுக்கப்பட்ட படமே ஜாருக்கு எதிரான வழக்காக மாறிவிட்டது. வரிசையை மாற்றியதனாலேயே விளைந்த அற்புதம் இது. அந்த ஆற்றலே இம்முறையின் அபாயமுமாகும். ஒரு போரின் காட்சியை வேறொரு போரினதென்று காட்டுபவன் சரித்திரத்துக்குத் துரோகம் செய்தவனாகிறான்.

ஷூப்பின் சுருள்கள் அவருடைய தேசத்திலேயே பெரும்பாலும் கிடைத்தன. அத்தகைய வசதியின்றி உலகெங்கும் அலைந்தவர் கோட்டையூர் ஏ. கே. செட்டியார். 1937 அக்டோபர் 2-ஆம் தேதி, நியூயார்க்கிலிருந்து டப்ளின் செல்லும் கப்பலில், காந்தியடிகளின் வாழ்வைப் படமாக்கும் எண்ணம் அவருக்கு உதித்தது. முப்பதாண்டுக் காலத்தில் சுமார் நூறு காமிராக்காரர்கள் எடுத்திருந்த துண்டுகளை, ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பிரயாணம் செய்து, 50,000 அடியளவு திரட்டினார். காந்தியடிகள் தென்னாப்பிரிக்காவில் இருந்த காலத்தில், 1912-ல், தேசத் தலைவர் கோகலே அங்கே சென்றபோது எடுத்த காட்சியும் அவற்றுள் அடங்கும். செய்திப் படக் கம்பெனிகள் ஒரு வாரத் தேவை முடிந்ததும் மூலையில் போட்டுவிட்ட துணுக்குகளை ஒரு மகானின் சரித்திரமாகக் கோத்த இந்த உழைப்பு, ஷூப்பின் பணிக்கு எவ்வகையிலும் குறைந்ததன்று என்பது என் துணிபு. 12,000 அடியுள்ள அப்படம், தமிழ் விளக்கவுரையோடு, 1940 ஆகஸ்டில் சென்னையில் வெளியாயிற்று. பின்னர் இந்தியிலும், 1953-ல் அமெரிக்காவில் ஆங்கிலத்திலும் அது உருப்பெற்றது.

பிறர் இழக்கவிருந்தவற்றைக் காத்த அப்படத்தை நாம் காக்கவில்லை. பல்லாண்டு கழித்து ஆராய்ச்சியாளர் ஆ. இரா. வேங்கடாசலபதி தேடியபோது சான் பிரான்சிஸ்கோவில் ஒரு பல்கலைக்கழகத்தில் ஆங்கில வடிவம் கிடைத்தது. தமிழ் மூலம் அகப்படவில்லை. அக்காலச் சுருள்களில் வழங்கிய நைட்ரேட் பிலிம் எளிதில் தீப்பற்றும். பற்றாவிடினும் தானே மக்கிப் பொடியாகும். ஆதலால், பாட்டனார் காலத்துப் படப்பெட்டியைப் பரணில் வைத்திருப்போர் அதைத் தாமே திறந்து ஓட்டிப் பாராமல், 1964-ல் புனேயில் தொடங்கப்பெற்ற தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குத் தெரிவிப்பார்களாக.