துவாஸ்: பெயரில் எஞ்சிய ஊர்

சிங்கப்பூரின் மேற்குக் கோடியிலுள்ள துவாசுக்குச் சென்றிருந்தோம். முன்னாளில் அஃது அமைதியான மீனவர் கிராமம். தென்னங்கீற்றுகளைக் கடலில் பரப்பி, அந்நிழலில் ஒதுங்கும் மீன்களை வலையால் தூக்கிப் பிடிப்பதை மலாய்மொழியில் ‘மெனுவாஸ்’ என்பர். ஊர்ப்பெயர் அதனின்று பிறந்ததென்பது வழக்கு. பின்னர்க் கடல் தூர்க்கப்பட்டது, தொழிற்சாலைகள் எழுந்தன. 1998-இல் மலேசியாவுக்கு இரண்டாம் பாலமும், 2022-இல் பெருந்துறைமுகமும் திறக்கப்பட்டன. இன்று கீற்றுமில்லை, குடிசையுமில்லை. தொழிலாளர் விடுதிகளில் நம் தமிழர் பலர் வாழ்கின்றனர்.

நேயர்களே! சரித்திரமென்பது அரசர் கோட்டை மட்டுமன்று. மீனவன் தொழில் ஊர்ப்பெயரிலாவது நிலைத்தது. காடழித்து ரப்பர் நட்ட நம் முன்னோருள் எத்தனைபேர் பெயர் நிலைத்தது? விடுதியில் உறங்கும் இத்தோழர்களின் வரலாற்றையேனும் அவர்கள் வாழும்போதே எழுதிவைப்போமாக.