பீங்கான் தொழிலில் வழங்கும் ஆங்கிலச் சொற்கள்: பிறப்பும் ஒலிப்பும்

கடலூர் மாவட்டத்திலுள்ள விருத்தாசலம், பழமலைநாதர் கோயிலாலும் பீங்கான் தொழிலாலும் பெயர் பெற்ற ஊர். பொம்மைகள், அகல் விளக்குகள், மின்சாரப் பியூஸ் கட்டைகள் போன்றவை இங்கே உருவாகின்றன. பீங்கான் தொழில்நுட்பம் கற்பிக்கும் கல்வி நிலையமும் உண்டு. தமிழ்வழியில் படித்துவிட்டு இத்துறைக்கு வரும் மாணவர்களை மண்ணும் சூளையும் அச்சுறுத்துவதில்லை; பாடநூலின் ஆங்கிலச் சொற்களே அச்சுறுத்துகின்றன. தவறாக ஒலித்துவிடுவோமோ என்று வாய் திறக்காமல் இருந்துவிடுகிறார்கள். இச்சொற்களில் பல ஆங்கிலேயருக்கும் அயற்சொற்களே என்பதை யாராவது முதல் நாளே அவர்களுக்குச் சொல்லியிருக்கலாம்.

'செராமிக்' கிரேக்கச் சொல். குயவர் மண்ணைக் குறிக்கும் 'கெராமோஸ்' என்பதிலிருந்து வந்தது. பழைய ஏதென்சில் குயவர் குடியிருப்புக்கே 'கெராமெய்கோஸ்' என்று பெயர்.

'கேயலின்' என்பது வெண்களிமண். எழுத்தைப் பார்த்துக் 'காவோலின்' என்று படிப்பவர் பலர். முதல் அசையைக் 'கே' என்று அழுத்திச் சொல்ல வேண்டும். சீனாவின் பீங்கான் நகரமான ஜிங்தெஜெனுக்கு அருகிலுள்ள காவோலிங் என்ற இடத்தின் பெயரே இது. பிரெஞ்சுப் பாதிரியார் தாந்த்ரகோல் 1712, 1722 ஆம் ஆண்டுகளில் எழுதிய கடிதங்கள் வழியாக அது ஐரோப்பாவுக்குத் தெரிந்தது. காவோலிங் என்றால் உயர்ந்த குன்று. நம் ஊரின் பழம்பெயர் திருமுதுகுன்றம். தற்செயல்தான், ஆனால் வகுப்பில் இதைச் சொன்னால் அந்தச் சொல் மறக்காது.

'போர்சலின்' இத்தாலியில் சோழியைக் குறித்த சொல். சீனக் கிண்ணத்தின் பளபளப்பு சோழியை நினைவூட்டியதால் அப்பெயர் ஒட்டிக்கொண்டது. நாம் சொல்லும் 'பீங்கான்' மட்டும் தூய தமிழா என்றால், அதுவும் இல்லை; பாரசீகத்தில் கிண்ணத்தைக் குறித்த 'பிங்கான்' அது.

சூளையைக் குறிக்கும் 'கில்ன்' லத்தீனில் சமையலறை என்ற பொருளுள்ள 'குலினா'விலிருந்து பிறந்தது. முன்பு ஆங்கிலேயர் இதன் இறுதி 'ன்'னை ஒலிக்காமல் 'கில்' என்றே சொன்னார்கள். 'மில்' என்ற சொல்லுக்கும் ஒரு காலத்தில் இறுதியில் 'ன்' இருந்தது. அங்கே அது எழுத்திலும் மறைந்தது. கில்னில் எழுத்து நிலைத்ததால், அதைப் பார்த்துப் படித்தவர்கள் ஒலியையும் மீட்டுவிட்டார்கள். ஆக, எழுத்தைப் பார்த்து ஒலிப்பது நம் மாணவரின் குறை மட்டுமல்ல.

'பிஸ்கட்' என்றால் இருமுறை சுட்டது. சூளைத் தொழிலிலோ மெருகு பூசுமுன் ஒருமுறை மட்டும் சுட்ட பண்டத்துக்கே அப்பெயர்! சொல்லின் பிறப்பை மட்டும் நம்பிப் பொருள் எழுதினால் தேர்வில் மதிப்பெண் போய்விடும்.

இனி நம் சொல். 'கொரண்டம்' மிகக் கடினமான கனிமம். மோஸ் அளவில் 9, வைரத்துக்கு அடுத்தது. சாணை பிடிக்கப் பயன்பட்ட இக்கல்லைத் தமிழில் குருந்தம் என்பர். நாமக்கல் மாவட்டம் சித்தம்பூண்டிப் பகுதியில் இது கிடைக்கிறது. 1798 இல் சார்லஸ் கிரெவில் இக்கல்லைப் பற்றி லண்டனில் கட்டுரை வெளியிட்டார். 1886 இல் வெளிவந்த ஹாப்சன்-ஜாப்சன் என்னும் ஆங்கிலோ-இந்தியச் சொல்லகராதி, வடமொழியின் குருவிந்தத்தையும் குறிப்பிட்டுவிட்டு, நேரடி மூலம் தமிழ்க் குருந்தமாகவே இருக்கலாம் என்று சொல்கிறது. தொகுத்தவர்கள் ஹென்றி யூலும் பர்னெலும். பர்னெல் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர். நூல் அச்சாகி வருமுன் 1882 இல் இறந்துவிட்டார்.

ஆங்கிலத்தில் நம் 'ந்த' ஒலி இல்லை. அதனால் குருந்தம் அவர்கள் வாயில் 'கரண்டம்' ஆகி, அழுத்தம் இரண்டாம் அசைக்குப் போனது. வேதியியலில் இது அலுமினியம் ஆக்சைடு. மாணிக்கமும் நீலமும் இதே பொருள்தான். வாகனங்களின் ஸ்பார்க் பிளக்கில் உள்ள வெள்ளைப் பீங்கான் பகுதியும் பெரும்பாலும் இதுவே.