கம்பளையில் பிறந்த ரஞ்சித் சிங்

1977 ஓகஸ்ட் வன்செயலில் வீடுவாசலை இழந்த மலையகக் குடும்பங்கள் பல, வவுனியாவிலும் கிளிநொச்சியிலும் காடு வெட்டிக் குடியேறின. சொந்த ஊர் கம்பளைப் பக்கம் என்று சொல்பவர்களை வன்னியில் இன்றும் காணலாம். அந்தக் கம்பளையில் 1937இல் பிறந்த ஒருவர், அதே 1977இன் கடைசி வாரத்தில் பிரித்தானியத் தொலைக்காட்சியில் தலைப்பாகையோடு தோன்றினார். பெயர் அல்பேர்ட் மோசஸ்.

இந்தியாவுக்குப் போய் ஹிந்திப் படங்களில் வேலை பார்த்து, பிறகு இங்கிலாந்தில் நடிகரானவர். ‘மைண்ட் யுவர் லாங்குவேஜ்’ என்ற நகைச்சுவைத் தொடர்தான் அவர் முகத்தை உலகறியச் செய்தது. இலண்டனில் ஆங்கிலம் படிக்க வரும் வெளிநாட்டவரின் வகுப்பு. அதில் ரஞ்சித் சிங் என்ற சீக்கியர் அவர். பிழைவிட்டால் கைகூப்பி, தலை குனிந்து ஆயிரம் மன்னிப்புக் கேட்பார். பாகிஸ்தான்காரர் அலி வாய் திறந்தாலோ அந்தப் பணிவெல்லாம் பறந்துவிடும். எழுதிக் கொடுத்தது அரை வரி வசனம்தான்; அந்த முகமாற்றம் முழுக்க நடிகரின் கைச்சரக்கு.

அயல்நாட்டவரைக் கேலிப்பொருளாக்குகிறது என்று சொல்லி, தொலைக்காட்சி நிறுவனத்தின் மைக்கேல் கிரேட் தொடரை நிறுத்தினார். குற்றச்சாட்டு நியாயமானது. ஆனால் பழியை நடிகர் தலையில் போடுவதை என்னால் ஏற்க முடியாது. நம்மவர் நிறத்துக்கு அன்று வேறென்ன வேடம் கொடுத்தார்கள்? ‘தி ஸ்பை ஹூ லவ்ட் மீ’யில் மதுச்சாலைப் பணியாளர். 1981இல் வந்த ‘அன் அமெரிக்கன் வேர்வுல்ஃப் இன் லண்டன்’ படத்தில் ஆஸ்பத்திரிச் சிற்றூழியர். 1983இல் ‘ஒக்டோபுசி’ வந்தபோதுதான் கொஞ்சம் இடம் கிடைத்தது. இந்தியாவில் ஜேம்ஸ் பொண்டுக்குத் துணைநிற்கும் சத்ருதீன் அவர். கூட நின்றவர் சென்னை டெனிஸ் வீரர் விஜய் அமிர்தராஜ்.

முல்லைத்தீவில் கோவலன் கூத்தை விடியவிடியப் பார்த்தவர்களுக்கு இது விளங்கும். கொஞ்ச நேரமே களரிக்கு வருபவர் சோர்ந்தாலும் கூத்துச் சோர்ந்துவிடும். மோசஸ் எந்தச் சிறு வேடத்திலும் சோரவில்லை.

1986இல் அத்தொடரை மறுபடி எடுத்தபோது, அலியாக நடித்த டினோ ஷஃபீக் இறந்து இரண்டு வருடமாகியிருந்தது. மோசஸ் ரஞ்சித் சிங்காகவே திரும்பி வந்தார். 2017 செப்டெம்பரில், 79ஆவது வயதில் காலமானார்.