பதினாறு பின்னும் ஒரு பூட்டும்: ஓபிடி புராணம்

"மச்சி, ஐநூறு, ஆயிரத்துக்கு ஓபிடி டாங்கிள்னு ஒண்ணு விக்கிறான். வாங்கி மாட்டினா இன்ஜினை ட்யூன் பண்ணிடலாமா?"

கார் வாங்கின நண்பர்கள் கேக்குற கேள்வி. நாம பொட்டி தட்டுற ஜாதிங்கறதால நேரா நம்மகிட்டதான் வருது :-) பதில் ஒத்தை வரிதான்: படிக்கலாம், எழுத முடியாது. ஏன் அப்படின்னு சொல்லணும்னா கொஞ்சம் கொசுவத்தி சுத்தணும்.

1960-களின் கடைசியில ஃபோக்ஸ்வேகன் டைப் 3 காரில் பாஷ் கம்பெனியோட எலக்ட்ரானிக் ஃப்யூயல் இன்ஜெக்‌ஷன் வந்தது. பெட்ரோல் எவ்வளவு போகணும்னு கார்புரேட்டருக்குப் பதிலா ஒரு சர்க்யூட் முடிவு பண்ண ஆரம்பிச்சது. 1980-கள்ல அது நிஜமான கம்ப்யூட்டராவே ஆகி, ஈசியுன்னு பேர் வாங்கிச்சு. அதுல கோளாறுன்னா கண்டுபிடிக்க ஒவ்வொரு கம்பெனியும் ஒரு கனெக்டர், ஒரு பாஷைன்னு தனித்தனியா வச்சிருந்தாங்க.

இதை ஒழுங்குபடுத்தினது மெக்கானிக் மேல இருந்த கரிசனம் இல்லீங்க, புகை! லாஸ் ஏஞ்சல்ஸ் புகைமூட்டத்துல திணறின கலிஃபோர்னியா, 1988 மாடல் கார்ல இருந்து "புகை சம்பந்தப்பட்ட கோளாறை காரே கண்டுபிடிச்சு லைட் போட்டுக் காட்டணும்"னு விதி போட்டுச்சு. அடுத்தது ஓபிடி-2. 1996 மாடல்ல இருந்து அமெரிக்காவுல விக்கிற எல்லா காருக்கும் ஒரே வடிவத்துல 16 பின் கனெக்டர், பொதுவான கோடுகள். பி0420 வந்தா எந்தக் கம்பெனி காரா இருந்தாலும் கேட்டலிட்டிக் கன்வெர்ட்டர் சரியா வேலை செய்யலைன்னு அர்த்தம். ஐரோப்பாவும் பெட்ரோல் கார்களுக்கு 2001-ல இதே வழிக்கு வந்தது.

இங்கதான் விஷயமே இருக்கு. சட்டம் கேட்டது புகைக்கான கணக்கை மட்டும். அதனால அது மட்டும்தான் எல்லாருக்கும் திறந்திருக்கு. ஏபிஎஸ், ஏர்பேக், சாவி ப்ரோக்ராமிங், முக்கியமா ஈசியு உள்ள இருக்குற மென்பொருளை மாத்துறது - இதெல்லாம் அதே 16 பின் வழியாத்தான் போகும். ஆனா கதவுக்குப் பின்னாடி கம்பெனி பூட்டு.

இப்ப நம்ம ஊருக்கு வருவோம். 1998-ல இருங்காட்டுக்கோட்டையில இருந்து சான்ட்ரோ எம்பிஎஃப்ஐ இன்ஜினோட வந்தது. 2000-த்துல மாருதி 800-க்கும் எம்பிஎஃப்ஐ வந்தது. அதுவரைக்கும் திருவண்ணாமலைக்கு பௌர்ணமி கிரிவலத்துக்கு வண்டி வண்டியா வந்த அம்பாசிடருக்கெல்லாம் வைத்தியம் பார்க்க ஒரு ஸ்க்ரூ டிரைவரும் நல்ல காதும் போதும். ஈசியு வந்ததும் காது மட்டும் பத்தலை. சில கார்ல ரெண்டு பின்னை ஒயர் போட்டு இணைச்சா செக் இன்ஜின் லைட் கண் சிமிட்டும். எத்தனை தடவைன்னு எண்ணி கோளாறைக் கண்டுபிடிக்கணும். கிளி ஜோசியம் மாதிரி :-)

2010 ஏப்ரல்ல சென்னை உட்பட 13 நகரங்கள்ல பிஎஸ்-4 வந்தப்போ கூடவே ஓபிடியும் வந்தது. 2013-ல ஓபிடி-2. அந்த 13-ல எங்க ஊர் இல்லை. நாடு முழுக்க பிஎஸ்-4 கட்டாயமாக 2017 ஏப்ரல் 1 வரைக்கும் ஆச்சு. 2020 ஏப்ரல்ல நேரா பிஎஸ்-6.

இதுக்கு நடுவுல கனடாவுல எல்ம் எலக்ட்ரானிக்ஸ்னு ஒரு சின்ன கம்பெனி 2005-ல ஈஎல்எம்327 சிப்பை விட்டது. காரோட பல பாஷைகளை கம்ப்யூட்டருக்குப் புரியுற மாதிரி மொழிபெயர்க்குற சிப். முதல் பதிப்புல காப்பி எடுக்க முடியாதபடி பாதுகாப்பு போடாம விட்டுட்டாங்க. அவ்ளோதான், நகல்கள் உலகம் பூரா பரவிடுச்சு. நகல் பலதுல "1.5 பதிப்பு"ன்னு காட்டும். அசல் ஈஎல்எம்327-ல அப்படி ஒரு பதிப்பே கிடையாது! கம்பெனி 2022-ல மூடிட்டாங்க, நகல்கள் ஓடிக்கிட்டே இருக்கு.

படிக்கிற கருவி மலிவானது இப்படித்தான். எழுதுற கருவி? அமெரிக்காவுல 2004 மாடல்ல இருந்து, புகை சம்பந்தப்பட்ட ஈசியு மென்பொருளை வெளி மெக்கானிக்கும் மாத்த ஜே2534-னு ஒரு பொதுத் தரம் கட்டாயம் ஆச்சு. நம்ம நாட்டுல சண்டை வேற ரூபத்துல வந்தது. உதிரி பாகமும் டயக்னாஸ்டிக் கருவியும் வெளி ஒர்க்‌ஷாப்புக்குக் கிடைக்கறதில்லைன்னு போன புகார்ல, இந்தியப் போட்டி ஆணையம் 2014 ஆகஸ்ட் 25-ல 14 கார் கம்பெனிகளுக்கு சுமார் 2,545 கோடி ரூபாய் அபராதம் போட்டுச்சு. கம்பெனிகள் அப்பீல் போனாங்க. ஆனா "கருவியைத் தராம பூட்டி வைக்கிறது தப்பு"ன்னு ஒரு ஆணையம் எழுத்துல சொன்னது சின்ன விஷயம் இல்லை. 2022 டிசம்பர்ல மத்திய அரசு தொடங்கின பழுதுபார்க்கும் உரிமை இணையதளத்துலயும் கார்கள் ஒரு பிரிவு.

சரி, எதை வாங்கலாம்?

சும்மா கோடு பார்க்கணும், லைட் ஏன் எரியுதுன்னு தெரியணும்னா ப்ளூடூத் டாங்கிள் போதும். உங்க கார் பழசா இருந்தா அதோட பாஷையை அந்த நகல் பேசுதான்னு பாருங்க. 16-வது பின்ல எப்பவும் பேட்டரி கரண்ட் இருக்கும். மாட்டினபடியே மாசக்கணக்கா விட்டா பேட்டரி படுத்துடும்.

ஒர்க்‌ஷாப் வச்சிருக்கவங்களுக்கு பல கம்பெனி கார்களைப் படிக்கிற ஸ்கேனர். வாங்குறப்ப விலையை மட்டும் கேக்காதீங்க. நம்ம ஊர்ல ஓடுற மாடல்கள் அதுல இருக்கா, வருஷா வருஷம் அப்டேட்டுக்கு எவ்வளவு, ஏபிஎஸ்ஸும் ஏர்பேக்கும் படிக்குமா - இந்த மூணையும் கேளுங்க.

எழுதணும்னா ஜே2534 கருவியோட அந்தக் கார் கம்பெனியின் மென்பொருளும் வேணும், இல்லைன்னா ரீமேப்புக்குன்னே இருக்கற கருவி. எழுதுறப்ப பேட்டரி வோல்டேஜ் இறங்கினா ஈசியு செங்கல் ஆகிடலாம். பவர் சப்ளை போடாம தொடாதீங்க. அதோட ரீமேப் பண்ணினா வாரண்டி போகலாம், புகை அளவு ஏறலாம். மோட்டார் வாகனச் சட்டம் 52-வது பிரிவையும் ஒரு தடவை படிச்சிடுங்க.

கருவியைத் தேர்ந்தெடுக்கறதுன்னா பிராண்டு பார்க்கறது மட்டும் இல்லை. எந்தக் கதவைச் சட்டம் திறந்து வச்சிருக்கு, எதுக்குக் கம்பெனி சாவி வச்சிருக்குன்னு பார்க்கறதுதான். போளூர் ரோட்டு மெக்கானிக் "இது கம்பெனிக்குத்தான் போகணும் சார்"னு சொல்லி வண்டியை 80 கிலோமீட்டர் தள்ளி வேலூருக்கு அனுப்பினா, அவருக்குத் தொழில் தெரியலைன்னு அர்த்தம் இல்லை. சாவி அவர்கிட்ட இல்லை, அவ்வளவுதான்.

டிஸ்கி: ஆணி அதிகம், அதனால கேன் பஸ் பத்தி தனிப் பதிவு அப்பாலிக்கா :-)